லெக் பக்கம் போன பந்து

வீரபாண்டியைக் கிரிக்கெட் வீரன் என்று யாராவது சொன்னால் அவன் பெண்டாட்டி ராதாவே வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். முப்பத்து நாலு வயதில் முதன்முதலாகத் தோல் பந்தைக் கையில் தொட்டவன் அவன். முப்பத்தாறு முடிவதற்குள் ஆட்டமும் முடிந்துவிட்டது. நடுவில் இருந்தது இரண்டே இரண்டு சீசன். அதுவும் மஸ்கட்டில் கம்பெனிக்காரர்கள் தங்களுக்குள் ஆடிக்கொள்ளும் லீக்கில், மேலிருந்து எண்ணிக்கொண்டு வந்தால் பாதி வழியில் அலுத்துப்போகும் அளவுக்குக் கீழே கிடந்த ஒரு டிவிஷனில். அந்த ஆட்டங்களைப் பார்க்க ஆள் வந்ததில்லை. வந்து நின்றவர்களும் அடுத்த ஆட்டத்துக்கு மைதானம் எப்போது காலியாகும் என்று காத்திருந்தவர்கள்தான். இருந்தாலும் அவனைப் பற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது. பெரிய ஆட்டக்காரர்களைப் பற்றிச் சொல்ல உலகத்தில் ஆளுக்கா பஞ்சம்.

அருப்புக்கோட்டைப் பக்கத்துக்காரன். டக்ட் ஃபிட்டராக, அதாவது ஏ.சி. காற்று போகிற தகரக் குழாய்களை மாட்டுகிற வேலைக்காக, ஓமானுக்கு வந்தவன். ஆள் உயரப் பெட்டிபோல் இருக்கும் அந்தக் குழாய்களைக் கூரைக்கு அடியில் தூக்கிக் கட்ட வேண்டும். அதைச் சுற்றிக் கண்ணாடிப் பஞ்சைப் போர்த்த வேண்டும். அந்தப் பஞ்சு கழுத்தில் பட்டால் எத்தனை தடவை குளித்தாலும் அரிப்பு போகாது. ஊருக்கெல்லாம் குளிர்ச்சி கொடுக்கிற குழாயை மாட்டுகிறவன் வேர்வையில் ஊறிக் கிடப்பான். கட்டடத்தில் ஏ.சி. ஓடத் தொடங்கும் நாளுக்கு முன்பே அவனை அடுத்த சைட்டுக்கு மாற்றிவிடுவார்கள். இது யாருடைய சதியும் இல்லை, வேலையே அப்படித்தான்.

ஏழாவது வருஷக் கோடையில் பர்க்காவில் ஒரு கிடங்கு வேலை. ஏணி உச்சியில் நின்றவனுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. கீழே நின்ற ஆள் காலை இறுக்கிப் பிடித்துக்கொண்டதால் பிழைத்தான். அன்றையிலிருந்து ஏணி என்றாலே அவனுக்குப் பயம். வாயைத் திறந்து சொன்னால் ஊருக்கு டிக்கெட் போட்டு அனுப்பிவிடுவார்கள். ஊரில் கட்டி முடிக்காத வீடு ஒன்று நிற்கிறது. ஆகவே சொல்லவில்லை. காலையில் கம்பெனி பஸ்ஸில் ஏறும்போதே முழு நாள் வேலை பார்த்தவன் மாதிரி களைத்துப்போய்த்தான் ஏறுவான்.

அந்த வருஷம்தான் உமாபதி அவனைப் பார்த்தார். உமாபதி திருச்சிக்காரர், கம்பெனியின் மேனேஜர், ரூவியில் குடும்பத்தோடு ஃபிளாட்டில் இருப்பவர். வேலை விஷயத்தில் கெட்டிக்காரர். கிரிக்கெட் விஷயத்தில் பித்துப் பிடித்தவர். கம்பெனி டீமுக்கு அவரே கேப்டன், முதலில் இறங்கி ஆடுகிறவரும் அவரே. வாதி கபீரில் மலைக்கு அடியில் இருக்கும் கேம்ப்புக்கு ஒரு நாள் சாயங்காலம் வந்தவர், பின்பக்கக் காலி இடத்தில் ஆட்கள் டென்னிஸ் பந்தில் இன்சுலேஷன் டேப்பைச் சுற்றி ஆடிக்கொண்டிருந்ததை நின்று பார்த்தார். வீரபாண்டி போட்ட பந்து ஒன்று வெளியே குத்தி உள்ளே திரும்பியது. அவர் வேலியைத் தாண்டி உள்ளே வந்துவிட்டார்.

"பந்த எப்படிப் பிடிக்கிற, காட்டு."

காட்டினான்.

"யார்கிட்ட கத்துக்கிட்ட?"

"யார்கிட்டயும் இல்ல சார். கண்மாயில தண்ணி இல்லாதப்ப போடுறது."

"கண்மாயில எப்பத் தண்ணி இருக்கும்?"

"அது எங்க சார் இருந்துச்சு."

உமாபதி சிரித்தார். அடுத்த வாரமே வீரபாண்டி சைட்டிலிருந்து ஸ்டோருக்கு மாற்றப்பட்டான்.

இது அந்த லீக்கில் எல்லாக் கம்பெனிகளிலும் உள்ள பழக்கம். ஆட்டக்காரனை வாரம் முழுக்க வெயிலில் போட்டு வாட்டினால் வெள்ளிக்கிழமை காலையில் அவனால் எழுந்திருக்க முடியாது. ஆகவே டீமில் இருக்கும் வரைக்கும் அவனுக்கு ஸ்டோரிலோ கேட்டிலோ நிழல் டூட்டி. டீமிலிருந்து பெயர் போனால் நிழலும் போகும். எழுதி வைத்த சட்டம் இல்லை, ஆனால் எல்லோருக்கும் தெரியும். வீரபாண்டிக்குக் கிரிக்கெட் என்றால் அதுதான். மற்றவன் கோப்பைக்கு ஆடினான், இவன் ஏணியில் ஏறாமல் இருப்பதற்கு ஆடினான்.

ராதா போனில் நம்பவேயில்லை.

"பந்து போடுறதுக்கா ஏ.சி.ல உக்கார வச்சிருக்காக?"

"ஆமா."

"என்னத்தையாவது மறைக்கிறீகளா?"

"என்னத்த மறைக்க. குளிருதுடி. காதுல துண்டக் கட்டிக்கிட்டு உக்காந்திருக்கேன்."

"அப்ப நல்லாப் போடுங்க," என்றாள்.

நல்லாத்தான் போட்டான். சரளைத் தரையில் சிமெண்டு பூசி, அதன்மேல் கயிற்றுப் பாய் விரித்து ஆடுகிற ஆட்டம் அது. பாயில் அவன் பந்து நன்றாகக் கடித்துத் திரும்பியது. முதல் சீசனில் எதிர் டீம்காரர்கள் அவன் பெயரைக் கேட்டுத் தெரிந்துகொண்டார்கள். ஒரு பாகிஸ்தானி கேப்டன் ஆட்டம் முடிந்து அவன் கையைப் பிடித்து விரல்களை ஒவ்வொன்றாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அன்றைக்கு ராத்திரி சாப்பிடும்போது வீரபாண்டி தன் விரல்களைத் தானே ஒரு தடவை பார்த்துக்கொண்டான்.

ஆனால் ஒன்று மட்டும் அவனுக்குக் கிடைக்கவேயில்லை. எல்பிடபிள்யூ. ஸ்டம்பில் படப் போகிற பந்தை ஆடுகிறவன் காலால் தடுத்துவிட்டால் அம்பயர் விரலைத் தூக்கி அவுட் கொடுக்க வேண்டும். அவனைப்போல உள்ளே திருப்புகிறவனுக்குப் பாதி விக்கெட் அப்படித்தான் வர வேண்டும். ஆனால் அந்த டிவிஷனுக்கு லீக்கிலிருந்து அம்பயர் அனுப்ப மாட்டார்கள். எந்த டீம் மட்டை பிடிக்கிறதோ அந்த டீமின் ஆட்களே அம்பயராக நிற்க வேண்டும். தன் ஆளுக்கு எதிராக எவன் விரலைத் தூக்குவான்? ரன் அவுட்டுக்குக் கொடுப்பார்கள், கேட்சுக்கு முனகிக்கொண்டே கொடுப்பார்கள். காலில் பட்டால் மட்டும் ஒரே பதில்தான்: "லெக்ல போகுது." பந்து ஸ்டம்பில் படாமல் லெக் பக்கமாக விலகிப் போயிருக்கும் என்று அர்த்தம். தமிழன், மலையாளி, பட்டாணியன் என்று பேதமில்லாமல் எல்லோரும் இந்த ஒரு பொய்யைச் சொன்னார்கள். வீரபாண்டி தொண்டை கிழியக் கேட்டுக்கொண்டே இருந்தான். பிறகு கேட்பதையும் நிறுத்திவிட்டான்.

அதை அவனிடம் ஒப்புக்கொண்ட ஒரே ஆள் மீராசா. கீழக்கரைக்காரன். ஒரு கட்டடச் சாமான் கடையில் டெலிவரி வண்டி ஓட்டுகிறவன், அந்தக் கடை டீமில் ஆள் குறைந்தால் ஆடுகிறவன். ஸ்டோருக்குச் சரக்கு இறக்க வந்த ஒரு நாள், அட்டைப்பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டே சொன்னான்.

"அண்ணே, போன மாசம் உங்க பந்து என் முட்டியில பட்டுச்சுல்ல. அது அவுட்டுதாண்ணே. நடு ஸ்டம்ப். எங்க ஆளு லெக்ல போகுதுன்னுட்டான், நானும் கம்முனு நின்னுட்டேன்."

"விடுப்பா. எல்லாரும் செய்யிறதுதான்."

"இல்லண்ணே, மனசுக்கு ஒரு மாதிரி இருந்துச்சு. அதான் சொல்லிட்டேன்."

வீரபாண்டி அவனுக்கு ஸ்டோர் ஃப்ரிட்ஜிலிருந்து லபான் என்கிற மோர் பாட்டில் ஒன்றை எடுத்துக் கொடுத்தான். அதற்குப் பிறகு மீராசா வரும்போதெல்லாம் இருவரும் நின்று பேசுவார்கள். பெரிய பேச்சு ஒன்றும் இல்லை. தோள் வலி, ஊரில் மழை, இப்படி ஏதாவது.

இரண்டாவது சீசனில் சரக்கு தீர்ந்துவிட்டது. இவன் பந்து உள்ளே மட்டும்தான் திரும்பும் என்று ஊரெல்லாம் தெரிந்துபோயிற்று. முன்காலைத் தைரியமாக நீட்டித் தடுத்தார்கள். காலில் பட்டாலும் பயமில்லையே. பிறகு அடிக்க ஆரம்பித்தார்கள். சரளையில் ஓடிய பந்தை எடுக்கப் போய்த் தோளில் வேறு அடி. உமாபதி அவனுக்கு ஓவர் கொடுப்பதைக் குறைத்தார். அடுத்த சீசனுக்கு ஹைதராபாத்திலிருந்து ஒரு ஆளை விசா போட்டே எடுக்கப்போவதாகக் கேம்ப்பில் பேச்சு. வீரபாண்டி வெள்ளிக்கிழமைகளில் மைதானத்துக்குப் போகும்போது, வேலைக்குப் போகிறவன் முகத்தோடு போனான்.

கடைசியில் அந்த மார்ச் மாதத்து ஆட்டம் வந்தது. அதில் தோற்றால் டீம் இன்னும் ஒரு டிவிஷன் கீழே போகும். இதற்கும் கீழே ஒன்று இருக்கிறது என்பதே உமாபதிக்கு அந்த வருஷம்தான் தெரியும். எதிரே மீராசாவின் கடை டீம். அந்த வாரம் முழுக்க ஸ்டோரில் ஸ்டாக் எடுக்கிற வேலை. வீரபாண்டி பெட்டி பெட்டியாகத் தூக்கி இறக்கி, தூக்கம் கெட்டுப்போய் வந்திருந்தான். தனக்குக் கொடுத்த ஒரே ஓவரில் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டான். பிறகு தன் டீம் மட்டை பிடிக்கும் நேரம் வந்ததும் வழக்கம்போலத் தொப்பியை மாட்டிக்கொண்டு அம்பயராகப் போய் நின்றான். கடைசியில் இறங்குகிறவன் முதலில் அம்பயராக நிற்க வேண்டும் என்பதும் அங்கே ஒரு பழக்கம்.

உமாபதி அன்று நன்றாகவே ஆடினார். அதைச் சொல்லித்தான் ஆக வேண்டும். வழக்கமாகக் கண்ணை மூடிக்கொண்டு மட்டையை வீசுகிறவர், அன்றைக்குப் பந்தைப் பார்த்து ஆடினார். ஜெயிப்பதற்குக் கொஞ்சம்தான் பாக்கி. எதிர் டீமின் பெரிய பந்துவீச்சாளனுக்குத் திடீரென்று டூட்டி வந்து பாதியில் போய்விட்டதால், வேறு வழியில்லாமல் மீராசாவின் கையில் பந்தைக் கொடுத்தார்கள். மீராசா வீரபாண்டியைத் தாண்டி ஓடி வந்து போட்டான். மிதமான வேகம், வேறு விசேஷம் ஒன்றும் இல்லாத பந்து. பாயில் குத்தித் தாழ்வாக வந்தது. பின்னால் நகர்ந்த உமாபதியின் பின்காலில், நடு ஸ்டம்புக்கு நேராக, டொப்பென்று பட்டது.

மீராசா திரும்பி இரண்டு கையையும் விரித்துக் கேட்டான். கிடைக்காது என்று தெரிந்தே கேட்கிறவனின் குரல் அது. அந்தக் குரல் வீரபாண்டிக்கு நன்றாகத் தெரியும்.

அவன் விரல் மேலே போனது.

நியாயஸ்தன் என்று அவனைத் தூக்கி வைத்துக் கொண்டாட வேண்டாம். அந்த சீசனிலேயே இதே உமாபதிக்கு இதே இடத்தில் நின்று "லெக்ல போகுது" என்று சொன்னவன்தான் அவன். அன்றைக்கு யோசிக்க அவனிடம் தெம்பு இல்லை, அவ்வளவுதான். யோசித்திருந்தால் ஏணி கண்ணுக்குத் தெரிந்திருக்கும். யோசிக்காதபோது பந்து மட்டும்தான் தெரிந்தது. இரண்டு வருஷமாகத் தனக்கு ஒருவனும் தூக்காத விரல் தன் கையிலேயே இருந்திருக்கிறது என்று அவனுக்கே ஆச்சரியம்.

மீராசா ஓடி வந்து அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டான். அம்பயரைக் கட்டிப்பிடிக்கிற ஆட்டம் வேறெங்கும் நடந்திருக்குமா தெரியவில்லை. உமாபதி அங்கேயே நின்றார். விரலைப் பார்த்தார், காலைப் பார்த்தார், மறுபடி விரலைப் பார்த்தார். மட்டையை அக்குளில் இடுக்கிக்கொண்டு நடந்தார். டீம் கொஞ்ச ரன்னில் தோற்றது. திரும்பி வரும்போது கம்பெனி வண்டியில் வீரபாண்டியின் பக்கத்து சீட்டில் யாரும் உட்காரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் சைட் பஸ்ஸில் ஏறுகிறவர்கள் பட்டியலில் அவன் பெயர் இருந்தது.

மறுபடியும் பர்க்கா, மறுபடியும் கண்ணாடிப் பஞ்சு, மறுபடியும் ஏணி. மே மாதம் வந்துவிட்டது. மேலே நிற்கும்போது ஒரு கையால் குழாயைத் தாங்கிக்கொண்டு மறு கையால் எதையாவது பிடித்துக்கொண்டே இருந்தான். ஃபோர்மேன் சேதுமாதவன் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் போனார். சொல்லாமல் போனதுதான் பயமாக இருந்தது. ராதாவிடம் ஸ்டோரில்தான் இருப்பதாகச் சொல்லிக்கொண்டிருந்தான். காதில் துண்டு கட்டியிருக்கிறீர்களா என்று அவள் கேட்டால், கட்டியிருக்கிறேன் என்பான்.

ஒரு மத்தியானம் உமாபதி சைட்டுக்கு வந்தார். அங்கே இங்கே பார்ப்பதுபோல் பார்த்துவிட்டு, ஏணிக்குக் கீழே வந்து நின்றார்.

"பாண்டி, கொஞ்சம் எறங்கு."

இறங்கினான். உமாபதி யாரும் பக்கத்தில் இல்லை என்று பார்த்துக்கொண்டார்.

"அன்னைக்கு. அந்தப் பந்து. நெஜமாவே அவுட்டா?"

வீரபாண்டி கையில் ஒட்டியிருந்த பஞ்சைத் தட்டிவிட்டான்.

"கோவத்துல கேக்கல. எனக்குத் தெரியணும். டீம்ல எல்லாரும் அது அவுட்டே இல்ல சார்ங்கிறானுங்க. அவனுங்க அப்படித்தான் சொல்லுவானுங்க. நீதான் நேரா நின்ன. வீட்ல உக்காந்திருந்தாக்கூட அந்தப் பந்துதான் வருது. வாழ்க்கையில அன்னைக்கு ஒரு நாள்தான் ஒழுங்கா ஆடினேன்."

அந்த மனுஷனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. சட்டை முழுக்க வேர்வை. அந்த வெயிலுக்குப் பழகாத முகம். அவருக்கு எந்தப் பதில் வேண்டும் என்று வீரபாண்டிக்குப் புரிந்தது. தனக்கு எது வேண்டும் என்பதும் புரிந்தது. தலைக்கு மேலே ஏணி சாய்ந்து நின்றுகொண்டிருந்தது.

"லெக்ல போச்சு சார்," என்றான். "எனக்குத்தான் கண்ணு இருட்டிருச்சு. ஸ்டாக் எடுத்த அலுப்பு. தப்புதான் சார்."

உமாபதி நீளமாக மூச்சு விட்டார். அவன் தோளில் தட்டினார். "எனக்கு அப்பவே தெரியும். விடு. ஒத்துக்கிட்ட பாரு, அதுக்கே ஒரு மனசு வேணும்," என்றார்.

அடுத்த வாரம் வீரபாண்டி ஸ்டோருக்கு வந்துவிட்டான். டீமில் மட்டும் பெயர் இல்லை. கண் இருட்டுகிறவனை எப்படி ஆட வைப்பது என்று உமாபதி அக்கறையாகச் சொன்னாராம். இப்படியாக அவனுடைய கிரிக்கெட் முடிந்தது. யாரும் கைதட்டவில்லை, அவனும் எதிர்பார்க்கவில்லை. ஆடாமலே நிழல் கிடைத்துவிட்டது, அவ்வளவு போதும் என்று இருந்தான். காதில் துண்டைக் கட்டிக்கொண்டு ராதாவுக்கு வீடியோவில் காட்டினான். இந்தத் தடவை உண்மையாகவே காட்டினான்.

ஜூன் மாதம் மீராசா சரக்கோடு வந்தான். பெட்டியை இறக்கி வைத்துவிட்டுக் கவுண்டருக்கு வந்தவன் முகம் சரியில்லை. அந்த விக்கெட் எழுதியிருந்த ஸ்கோர் நோட்டுப் பக்கத்தை அவன் போனில் படம் பிடித்து வைத்திருந்தான், உமாபதிக்கு நேராக எல்பிடபிள்யூ என்று போட்டு, பக்கத்தில் மீராசாவின் பெயர். ஊரில் எல்லோருக்கும் அனுப்பியிருந்தான். வீரபாண்டிக்கே இரண்டு தடவை அனுப்பியிருந்தான்.

"அண்ணே, ஒண்ணு கேள்விப்பட்டேன். அது அவுட் இல்லன்னு நீங்களே சொல்லிட்டீங்கன்னு உங்க ஆளுங்க சொல்றாங்க. எங்க கடையில எல்லாரும் கேலி பண்றாங்கண்ணே. சும்மா பேச்சுதானே?"

வீரபாண்டி பதில் சொல்வதற்குள் ஸ்டோர் ஆபீசின் கண்ணாடிக் கதவு திறந்தது. உமாபதி கையில் டீ டம்ளரோடு வெளியே வந்தார். மீராசாவைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டு சிரித்தார். கெட்ட சிரிப்பு இல்லை, சந்தோஷமான சிரிப்பு.

"அட, நம்ம பவுலர். பாண்டி, நீயே சொல்லு இவர்கிட்ட. என்ன ஆச்சு அந்தப் பந்து?"

மீராசா உமாபதியின் பக்கம் திரும்பவில்லை. வீரபாண்டியையே பார்த்தான். "சொல்லுங்கண்ணே," என்றான்.

கூரைக் குழாயிலிருந்து குளிர்காற்று வீரபாண்டியின் பிடரியில் விழுந்துகொண்டிருந்தது. வெளியே திறந்திருந்த ஷட்டர் வழியாக வெயில் தெரிந்தது. மலை வெள்ளையாக எரிந்துகொண்டிருந்தது. அவமானமாக இருந்தது. அதைவிட அலுப்பாக இருந்தது. இந்த இரண்டில் ஒன்று கொஞ்சம் குறைவாக இருந்திருந்தால் அவன் வேறு மாதிரி சொல்லியிருப்பான்.

"லெக்ல போச்சுப்பா," என்றான்.

உமாபதி திருப்தியாகத் தலையை ஆட்டிக்கொண்டு உள்ளே போனார்.  மீராசா சண்டை போடுவான் என்று வீரபாண்டி நினைத்தான். போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். இரண்டு வருஷமும் தன்னிடம் இந்த வார்த்தையைச் சொன்னவர்களில் ஒருவன் முகம்கூட வீரபாண்டிக்கு நினைவில்லை. மீராசாவுக்கு இந்த முகம் மறக்காது.

வீரபாண்டி எழுந்து ஃப்ரிட்ஜைத் திறந்து லபானை எடுத்துக் கவுண்டரில் வைத்தான். மீராசா அதைத் தொடவில்லை. டெலிவரிச் சீட்டை அதன் பக்கத்தில் வைத்துப் பேனாவைத் திருப்பி நீட்டினான்.

"சைன் கரோ, பாய்," என்றான், முன்பின் தெரியாத ஸ்டோர்க்காரர்களிடம் கையெழுத்துக் கேட்கும் இந்தியில்.

வீரபாண்டி கையெழுத்துப் போட்டுக் கொடுத்தான்.